விட்டுவிட்டுப் போகாமல் ஏன் இருக்கிறோம்? நர்ஸ் வேலையில் இருப்பவர்களிடம் ஒரு கேள்வி

பதிவு 1 | மருதாணி

எல்லோருக்கும் வணக்கம். மதுரையில் ஒரு தனியார் மருத்துவமனையில் பதினொரு வருடமாக ஸ்டாஃப் நர்ஸாக இருக்கிறேன். மனதில் ஒரு கேள்வி ஒரு வாரமாக ஓடிக்கொண்டிருக்கிறது. இங்கே கேட்டுவிடலாம் என்று எழுதுகிறேன்.

ஒரே மாதத்தில் மூன்று பேர் ராஜினாமா கொடுத்ததால், நிர்வாகம் எங்களுக்கு அரை நாள் மனவலிமைப் பயிற்சி ஏற்பாடு செய்தது. நைட் டியூட்டி முடித்த கையோடு போய் உட்கார்ந்தேன். மூச்சுப் பயிற்சி சொல்லிக்கொடுத்தார்கள். பிறகு மன உறுதியை அளக்க 25 வாக்கியங்கள் கொண்ட தாளைக் கொடுத்து, ஒவ்வொன்றுக்கும் பூஜ்யத்திலிருந்து நான்கு வரை மதிப்பெண் போடச் சொன்னார்கள். எனக்கு நூற்றுக்கு 81 வந்தது. "உங்களைப் போன்றவர்கள்தான் இந்த வேலையில் நிலைத்து நிற்பார்கள்" என்று பயிற்சியாளர் பாராட்டினார்.

நல்ல மனிதர், அவர்மேல் குறையில்லை. ஆனால் அந்தப் பாராட்டை என்னால் வாங்கிக்கொள்ள முடியவில்லை. ராஜினாமா கொடுத்த மூவரில் ஒருத்தி என் தளத்தில் இருந்தவள். நெஞ்சை அழுத்தி உயிர் மீட்கும்போது அவள் கை தளர்ந்து நான் பார்த்ததில்லை. அவளுக்கு மன உறுதி இல்லை என்று சொன்னால் என் நாக்கு அழுகிவிடும்.

2021 மே மாதம் நடந்ததைச் சொல்கிறேன். கோவிட் வார்டில் இறந்தவர்களின் பொருட்களைப் பதிவேட்டில் எழுதி, பையில் போட்டுக் கட்ட வேண்டும். அந்த இரவில் ஐந்து பைகள். மூக்குக்கண்ணாடி 1, செல்போன் 1, சார்ஜர் 1, விபூதிப் பொட்டலம் 1 என்று எழுதிக்கொண்டே வந்தேன். நான்காவது பைக்குரிய அம்மாவின் பொருட்களில் ஓர் எவர்சில்வர் டிபன் பாக்ஸ். திறந்து பார்த்தேன். கழுவித் துடைத்து, மூடியில் ஒட்டியிருந்த ஈரம்கூட இல்லாமல் வைத்திருந்தார். வீட்டுக்குத் திரும்பிப் போகப்போகிறவர் வைப்பது போல. "டிபன் பாக்ஸ் 1" என்று எழுத வேண்டும். கை நகரவில்லை.

எங்கள் இன்சார்ஜ் சிஸ்டர் வந்தார். என்ன ஆயிற்று என்று கேட்கவில்லை. என் கையிலிருந்து பேனாவை வாங்கி மீதியை அவரே எழுதினார். "பாதுகாப்பு உடையைக் கழற்றிவிட்டுப் போய்த் தண்ணீர் குடி. உன் படுக்கைகளை நான் பார்க்கிறேன்" என்றார். அடுத்த வாரப் பணிப்பட்டியலில் எனக்குச் சேர்ந்தாற்போல் இரண்டு நாள் ஆஃப். அந்த மாதத்தில் யாருக்குமே அப்படிக் கிடைக்கவில்லை. தன்னுடைய ஆஃபை வெட்டித்தான் எனக்குப் போட்டிருந்தார் என்பது வெகுநாள் கழித்துத் தெரிந்தது.

அப்போது என் கைப்பையில் ராஜினாமா கடிதம் எழுதித் தயாராக இருந்தது. கொடுக்கவில்லை.

அந்த 81 என்னுடைய மதிப்பெண்ணா, அந்த சிஸ்டருடையதா? இதுதான் என் கேள்வி. நீங்கள் ஏன் இருக்கிறீர்கள்? விட்டுப் போனவர்களும் எழுதுங்கள்.


பதிவு 2 | காட்டுமல்லி

மருதாணி அக்காவுக்கு வணக்கம். உங்களிடமிருந்து பேனாவை வாங்க ஒருவர் இருந்தார். நான் வேலை பார்க்கும் ஆரம்ப சுகாதார நிலையத்தில் இரவில் நான் ஒருத்திதான். துணைக்கு ஓர் ஆயாம்மா, அவருக்கு முழங்கால் வலி.

நான் தொகுப்பூதியத்தில் இருக்கிறேன். 2015இல் தேர்வு எழுதி வந்தவள். அன்று மாதம் 7,700 ரூபாய். இரண்டு வருடத்தில் பணி நிரந்தரம் என்று நம்பித்தான் சேர்ந்தோம். 2017 நவம்பரில் சென்னையில் ஆயிரக்கணக்கான நர்ஸ்கள் உட்கார்ந்து போராடியபோது நானும் கைக்குழந்தையுடன் அங்கே இருந்தேன். பிறகு ஊதியம் கொஞ்சம் கொஞ்சமாக உயர்ந்தது. பலருக்கு நிரந்தரமும் ஆயிற்று. என் முறை இன்னும் வரவில்லை.

நான் ஏன் இருக்கிறேன் என்றால், இப்போது விட்டால் இத்தனை வருடமும் கணக்கில் இல்லாமல் போய்விடும். பணிமூப்பு வரிசையில் என் எண் மெல்ல நகர்ந்துகொண்டிருக்கிறது. அதை விட மனம் வரவில்லை. இதைப் பார்த்து "எவ்வளவு மன உறுதி" என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம்தான் வருகிறது. கிணற்றில் விழுந்தவள் கயிற்றைப் பிடித்துத் தொங்கினால் அதற்குப் பெயர் உறுதியா?

இன்னொன்றையும் மறைக்கக் கூடாது. எங்கள் பகுதியில் ஒன்பதாம் மாதத்தில் இருக்கும் பெண்கள் என் எண்ணுக்குப் போன் செய்வார்கள். "வியாழக்கிழமை நைட் நீங்களா சிஸ்டர்?" என்று கேட்பார்கள். வலி எந்தக் கிழமை வரும் என்று அவளுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. ஆனாலும் கேட்பாள். "நான்தான் அம்மா, வா" என்று சொல்லிவிட்டுப் போனை வைக்கும்போது, வேறு வேலைக்கு விண்ணப்பம் போடும் எண்ணம் அன்றைக்குப் போய்விடும். அடுத்த மாதம் சம்பளம் வரும்போது அந்த எண்ணம் திரும்ப வரும்.


பதிவு 3 | வெள்ளைத்தொப்பி

நான் அரசு நர்சிங் பள்ளியில் ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். பயிற்சிக்குச் சேர்ந்தது 1979இல். உங்கள் இருவரையும் படித்துவிட்டு வெகுநேரம் எழுத முடியாமல் உட்கார்ந்திருந்தேன்.

மருதாணி, உன் கேள்வியை நாற்பது வருடத்துக்கு முன்பே அமெரிக்காவில் கேட்டிருக்கிறார்கள். அங்கே அப்போது நர்ஸ் பற்றாக்குறை கடுமையாக இருந்தது. எல்லா மருத்துவமனையிலும் ஏன் விட்டுப் போகிறார்கள் என்று ஆராய்ந்துகொண்டிருந்தபோது, அமெரிக்க நர்சிங் அகாதமி கேள்வியைத் திருப்பிப் போட்டது: ஆள் பற்றாக்குறை தொடாத மருத்துவமனைகளும் இருக்கின்றனவே, அங்கே நர்ஸ்கள் ஏன் இருக்கிறார்கள்? 163 மருத்துவமனைகளைப் பார்த்து, அவற்றில் 41ஐத் தேர்ந்தெடுத்தார்கள். 1983இல் அறிக்கை வந்தது. காந்தம் போல நர்ஸ்களை இழுத்து வைத்துக்கொள்வதால் அவற்றுக்குக் காந்த மருத்துவமனைகள் என்று பெயர்.

அங்கே இருந்த நர்ஸ்கள் மற்றவர்களைவிட உறுதியான மனம் படைத்தவர்கள் என்று அந்த அறிக்கை சொல்லவில்லை. நர்சிங் தலைமை வார்டுக்குள் கண்ணில் படும்படி இருந்தது, நர்ஸின் முடிவுக்கு மதிப்பு இருந்தது, போதிய ஆள் இருந்தது, பணிப்பட்டியலில் வளைந்துகொடுக்கும் இடம் இருந்தது, மேலே படிக்க வழி இருந்தது. உன் இன்சார்ஜ் சிஸ்டர் ஒருவர் தனியாகச் செய்ததை அங்கே மருத்துவமனையே செய்திருக்கிறது.

காட்டுமல்லி சொன்னதற்கும் ஓர் ஆய்வு உண்டு. 2001இல் வேலையில் ஊன்றியிருப்பது பற்றிச் சிலர் எழுதினார்கள். மனிதர்களோடு உள்ள பிணைப்பு, அந்த இடத்தோடு உள்ள பொருத்தம், விட்டுப் போனால் இழக்கப்போவது, இந்த மூன்றும் சேர்ந்துதான் ஒருவரை நிறுத்துகின்றன என்றார்கள். உன்னை நிறுத்தியிருப்பது பெரும்பாலும் மூன்றாவது. வியாழக்கிழமை போன் முதலாவது. இரண்டும் ஒரே ஆளுக்குள் இருப்பதில் ஒரு முரணும் இல்லை, மகளே.

பயிற்சியே வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். மூச்சுப் பயிற்சி எனக்கே உதவியிருக்கிறது. மன உறுதி பிறவிக்குணம் இல்லை, கற்றுக்கொள்ளலாம். நாங்களும் கற்றோம். எங்கள் காலத்தில் ஒரு வழக்கம் இருந்தது. நோயாளி இறந்தால், உடலைத் துடைத்து, தாடையைக் கட்டி, துணி போர்த்தும் வேலைக்கு இரண்டு பேர் போக வேண்டும். ஒருவர் மூத்தவர், ஒருவர் மாணவி. வேலை முடிந்ததும் அந்த மூத்தவர் மாணவியைக் கூட்டிக்கொண்டு போய்க் கை கழுவ வைத்து, காப்பி வாங்கிக் கொடுத்துவிட்டுத்தான் வார்டுக்குத் திரும்ப அனுப்புவார். என் முதல் மரணத்துக்கு என்னோடு வந்தவர் ஒரு பாட்டை முணுமுணுத்துக்கொண்டே வேலை செய்தார். இன்றைக்கும் அந்த ராகம் காதில் விழுந்தால் டெட்டால் வாசனை வருகிறது. எங்களுக்கு மன உறுதி வந்தது அப்படித்தான். ஒரு வார்டுக்கு ஒரே நர்ஸ் என்று ஆனபிறகு அந்த இரண்டாவது ஆள் எங்கிருந்து வருவார்?

2019இல் உலக சுகாதார நிறுவனம் பணிச்சோர்வை எப்படி வரையறுத்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். அது நோய் இல்லை, வேலையிடத்தில் நாட்பட்ட அழுத்தத்தைச் சரியாகக் கையாளாததால் வருவது என்றது. மருந்து முழுவதையும் நர்ஸுக்கே கொடுத்துவிட்டு வேலையிடத்தை அப்படியே வைத்திருந்தால் எப்படிச் சரியாகும்?


பதிவு 4 | மணிமுத்தாறு

நான் தென்மாவட்டத்தில் 40 படுக்கை மருத்துவமனை ஒன்றில் நர்சிங் கண்காணிப்பாளர். நிர்வாகத்தின் பக்கத்தில் நிற்பவரும் ஒருவர் பேச வேண்டும் என்பதால் எழுதுகிறேன்.

படித்து முடித்து வரும் பிள்ளைக்கு ஊசி குத்தவே கை வராது. ஆறு மாதம் கூடவே நின்று கற்றுக்கொடுக்கிறேன். ஐசியூவில் தனியாக விடலாம் என்ற நிலைக்கு வரும்போது அனுபவச் சான்றிதழ் வாங்கிக்கொண்டு வளைகுடாவுக்கோ சென்னைக்கோ போய்விடுகிறாள். அவளை நான் தடுப்பதில்லை, என் மகளாக இருந்தாலும் போ என்றுதான் சொல்வேன். ஆனால் மறுநாள் இரவு அந்த இடத்தில் யாரை நிறுத்துவது? பட்டியல் போடும் தாளைப் பார்த்துக்கொண்டு நான் விழித்திருந்த இரவுகள் நிறைய. வெள்ளைத்தொப்பி அம்மா சொன்ன அந்த மூத்தவராக இருக்க எனக்கு ஆசைதான். என் நேரம் முழுவதும் ஓட்டை அடைப்பதிலேயே போகிறது.

மன உறுதிப் பயிற்சிக்கு ஐயாயிரம் ரூபாய் கேட்டால் முதலாளி கொடுப்பார். இன்னொரு நர்ஸ் கேட்டால் அது மாதாமாதம் வரும் செலவு என்பார். எங்கள் ஊர்க் கட்டணத்தில் அவருக்கும் கை கட்டித்தான் இருக்கிறது.


பதிவு 5 | கடல்தாண்டி

மணிமுத்தாறு அம்மாவின் நேர்மைக்கு வணக்கம். அவர் சொன்ன அந்த "போய்விடும் பிள்ளை" நான்தான். ஆண் நர்ஸ். இங்கிலாந்தின் வடபகுதியில் ஒரு மருத்துவமனையில் ஆறாவது வருடம்.

ஊரில் நான் பார்த்த கடைசி வேலையில், பொதுவார்டில் இரவு 14 பேருக்கு நான் ஒருவன். சேரும்போதே அசல் சான்றிதழ்களை வாங்கி வைத்துக்கொண்டார்கள். அவற்றைத் திரும்ப வாங்க என் அப்பா மூன்று முறை பஸ் ஏறி வந்தார். மூன்றாவது முறை வரவேற்பறை பெஞ்சில் காலையிலிருந்து மாலை வரை உட்கார்ந்திருந்தார், செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு. கோவிலுக்குள் உட்கார்வது போல. நான் ஊரை விட்டது அந்தச் செருப்பைப் பார்த்த அன்றுதான். சம்பளம் பிறகு வந்த காரணம்.

இங்கே வேலை சுலபம் என்று நினைக்காதீர்கள். பன்னிரண்டரை மணி நேர நீண்ட ஷிஃப்ட். ஆள் பற்றாக்குறை இங்கேயும் உண்டு, மன உறுதி வளர்க்கும் சுவரொட்டிகள் இங்கேயும் ஓய்வறையில் ஒட்டியிருக்கிறார்கள். ஆனால் வார வேலை நேரம் முப்பத்தேழரை மணி என்று ஒப்பந்தத்தில் எழுத்தில் இருக்கிறது. அதற்குமேல் நின்றால் கணக்கு உண்டு. ஊரில் இருந்தபோது என்னைச் சிடுசிடுப்பானவன் என்பார்கள். இங்கே என் மேலாளர் ஆண்டு மதிப்பீட்டில் "அமைதியானவர்" என்று எழுதியிருக்கிறார். அதே ஆள், அதே மனது. மாறியிருப்பது கையில் இருக்கும் நோயாளிகளின் எண்ணிக்கை.

எண்ணிக்கை என்றதும் இதையும் சொல்கிறேன். 2002இல் அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில் 168 மருத்துவமனைகளை வைத்து ஓர் ஆய்வு வெளிவந்தது. ஒரு நர்ஸுக்கு ஒரு நோயாளி கூடினால், அறுவை சிகிச்சை செய்துகொண்டவர் 30 நாளுக்குள் இறக்கும் வாய்ப்பு 7 சதவீதம் கூடியது. நர்ஸ் சோர்ந்துபோகும் வாய்ப்பு 23 சதவீதம் கூடியது. கலிஃபோர்னியாவில் ஒரு நர்ஸுக்கு இத்தனை நோயாளிகளுக்கு மேல் கூடாது என்று 1999இல் சட்டமே போட்டு 2004இல் அமலுக்குக் கொண்டுவந்தார்கள். நம் நாட்டிலும் இந்திய நர்சிங் கவுன்சிலின் அளவுகோல் இருக்கிறது. பொதுவார்டில், மருத்துவக் கல்லூரி மருத்துவமனை என்றால் மூவருக்கு ஒரு நர்ஸ், மற்ற மருத்துவமனைகளில் ஐவருக்கு ஒரு நர்ஸ். என்னிடம் 14 பேர்.

சம்பள விஷயத்தில், உச்ச நீதிமன்றம் 2016 ஜனவரியில் சொன்னதன்பேரில் மத்திய அரசு ஒரு குழு அமைத்தது. 200 படுக்கைக்கு மேல் உள்ள தனியார் மருத்துவமனையில் அரசு நர்ஸுக்கு இணையான ஊதியம், 50 படுக்கைக்குக் குறைவான இடத்தில்கூட 20,000 ரூபாய்க்குக் குறையக் கூடாது என்று அந்தக் குழு பரிந்துரைத்தது. மணிமுத்தாறு அம்மா, உங்கள் முதலாளியைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. உங்கள் கையில் ஒரு தாள் இருக்கட்டும் என்று எழுதுகிறேன்.


பதிவு 6 | யாழ்_தாதி

நான் யாழ்ப்பாணத்தில் தாதியாகக் கடமையாற்றுகிறேன். உங்கள் உரையாடலைத் தற்செயலாகப் பார்த்தேன். எங்கள் பக்கத்துக் கதையும் கொஞ்சம் வேறாகவே இருக்கும்.

2022இல் பெற்றோல் இல்லாமல் போன மாதங்களில், சாவகச்சேரிப் பக்கமிருந்து கைதடி, நாவற்குழி தாண்டி வைத்தியசாலைக்குச் சைக்கிளில் வந்தேன். இரவுக் கடமை முடிந்து காலையில் திரும்பும்போது எதிர்க்காற்று அடிக்கும். நாவற்குழிப் பாலத்தில் இறங்கி உருட்டிக்கொண்டு நடப்பேன். ஒருநாள் பாலத்தில் என்னைப் போலவே உருட்டிக்கொண்டு இன்னொரு தாதியும் வந்தார். வேறு விடுதியில் (நீங்கள் வார்டு என்பது) கடமை செய்பவர், அதுவரை பேசியதே இல்லை. அதன் பிறகு இருவரும் ஒரே நேரத்துக்குக் கடமை கேட்டு வாங்கினோம். காற்றுக்கு முன்னால் ஒருவர் போனால் பின்னால் வருபவருக்கு மிதிப்பது இலகு. பாதித் தூரம் நான் முன்னால், பாதித் தூரம் அவர் முன்னால்.

அந்த வருடம் ஜூனில் அரச ஊழியர்கள் சம்பளமற்ற ஐந்து வருட விடுப்பில் வெளிநாடு போகலாம் என்று அரசாங்கம் அனுமதித்தது. எங்கள் விடுதியிலிருந்தும் போனார்கள். நான் போகவில்லை. அம்மா படுக்கையில் இருந்தது ஒரு காரணம். மற்றது, யுத்த காலத்தில் மருந்தும் இல்லாமல் மின்சாரமும் இல்லாமல் லாந்தர் வெளிச்சத்தில் பிரசவம் பார்த்த பெரியவர்களிடம் வேலை பழகியவள் நான். அவர்கள் தங்களைப் பற்றி ஒருநாளும் பெரிதாகச் சொன்னதில்லை. அவர்களுடைய கடமைக்குப் பிறகு நான் போய் நின்றால் விடுதி துடைத்த மாதிரி இருக்கும், குறிப்புப் புத்தகத்தில் ஓர் எழுத்துக் குறைந்திருக்காது. அப்படிப்பட்டவர்கள் கையில் கொடுத்ததைப் பாதியில் வைத்துவிட்டுப் போக எனக்கு மனம் வரவில்லை.

போனவர்களைக் குறைவாக நான் நினைக்கவில்லை. அவர்கள் அனுப்பிய காசில்தான் எத்தனையோ வீடுகளில் அடுப்பெரிந்தது.


பதிவு 7 | சின்னாளப்பட்டி

நான் நர்ஸ் இல்லை. தறி நெய்பவன். என் அம்மா பக்கவாதத்தில் 41 நாள் மருத்துவமனையில் கிடந்தார். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை ஒரு பெண் வந்து அம்மாவைப் புரட்டிப் படுக்கவைத்து, முதுகில் கை வைத்துப் பார்த்துவிட்டுப் போவார். நான் தூங்கினாலும் அவர் வருவது நிற்கவில்லை. 41 நாளில் ஒரு படுக்கைப்புண் வரவில்லை. வீட்டுக்கு வந்து நாங்கள் பார்த்த மூன்றாம் வாரம் புண் வந்துவிட்டது. அப்போதுதான் அந்தக் கையின் அருமை தெரிந்தது. நீங்கள் எல்லோரும் தெய்வங்கள். இதற்குமேல் எனக்குச் சொல்லத் தெரியவில்லை.


பதிவு 8 | மருதாணி

அண்ணா, அம்மா இப்போது எப்படி இருக்கிறார்கள்? புண் ஆறிவிட்டதா? ஒரே பக்கமாகப் படுக்க விடாதீர்கள். குதிகால் மெத்தையில் அழுந்தாதபடி கெண்டைக்காலுக்குக் கீழே தலையணை வையுங்கள், தோல் ஈரமாக இருக்க விடாதீர்கள். புண் ஆழமாகத் தெரிந்தால் தள்ளிப்போடாமல் காட்டிவிடுங்கள்.

நீங்கள் அன்போடு சொன்னது தெரிகிறது. ஆனால் எங்களைத் தெய்வம் என்று சொல்ல வேண்டாம் அண்ணா. தெய்வத்துக்குப் பசிக்காது, மாதவிடாய் வராது, வீட்டில் காய்ச்சலோடு பிள்ளை இருக்காது. அந்தப் பெண்ணுக்கு இதெல்லாம் உண்டு. நன்றி சொல்ல நினைத்தால், உங்கள் அம்மாவை 41 நாளும் இரண்டு மணிக்கொருமுறை புரட்டினார் என்று அவருடைய பதவியும் தளமும் குறிப்பிட்டு மருத்துவமனைக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். குறை எழுதிய கடிதங்கள் எங்கள் கோப்பில் நிறைய இருக்கும். இப்படி ஒன்று இருந்தால் அவருக்கு எவ்வளவோ உதவும்.


பதிவு 9 | இளந்தளிர்

எனக்கு 23 வயது. வேலைக்குச் சேர்ந்து பதினான்கு மாதம். எல்லோரும் பெரியவர்களாக இருக்கிறீர்கள், பேசத் தயக்கமாக இருக்கிறது.

போன மாதம் ஒரு தாத்தாவின் மகன் எல்லோர் முன்னாலும் கையை ஓங்கிக்கொண்டு வந்தார். டாக்டர் வரத் தாமதமானது என் தவறு என்று நினைத்துவிட்டார். அடிக்கவில்லை. ஆனால் அன்றிலிருந்து அந்த அறையின் கதவைத் திறக்கும்போதெல்லாம் கைப்பிடியில் என் கை நின்றுவிடுகிறது. இன்சார்ஜிடம் சொன்னேன். "இதெல்லாம் சகஜம், தைரியமாக இரு" என்றார். மருத்துவமனைப் பணியாளர்களைத் தாக்கினால் தண்டிக்கத் தமிழ்நாட்டில் 2008லேயே சட்டம் இருக்கிறது என்ற அறிவிப்பு எங்கள் நுழைவாயிலில் ஒட்டியிருக்கிறது. தினமும் அதைத் தாண்டித்தான் உள்ளே போகிறேன்.

விட்டுவிடலாம் என்று இருக்கிறேன். நீங்கள் எல்லோரும் இருந்ததைப் படிக்கப் படிக்க, என்னிடம்தான் ஏதோ குறைகிறது என்று தோன்றுகிறது. எனக்கு உறுதி இல்லையா?


பதிவு 10 | வெள்ளைத்தொப்பி

கண்ணே, உன்னிடம் ஒரு குறையும் இல்லை. கை ஓங்கியவனைப் பார்த்துப் பயந்தது உடம்பின் சரியான வேலை. "தைரியமாக இரு" என்று சொன்னவர், அடுத்த பத்து நாள் அந்த அறைக்கு உன்னோடு கூட வந்திருக்க வேண்டும். அல்லது உன்னை வேறு தளத்துக்கு மாற்றியிருக்க வேண்டும். உனக்கு அது நடக்கவில்லை, அவ்வளவுதான்.

மும்பை கே.இ.எம். மருத்துவமனை நர்ஸ் அருணா ஷான்பாக்கைப் பற்றிக் கேட்டிருப்பாய். 1973 நவம்பரில் வேலை செய்த இடத்திலேயே தாக்கப்பட்டு நினைவிழந்தவர். 2015 மே மாதம் இறக்கும் வரை ஏறத்தாழ 42 வருடம் அதே மருத்துவமனையின் நர்ஸ்கள் அவரைப் பார்த்துக்கொண்டார்கள். அவருக்கு ஒரு படுக்கைப்புண்கூட வரவில்லை என்பது உச்ச நீதிமன்றம் வரை பேசப்பட்டது. கணக்குப் போட்டுப் பார். 1973இல் அவரோடு வேலை செய்தவர்கள் எல்லோரும் ஓய்வு பெற்றுப் போயிருப்பார்கள். கடைசியில் பார்த்துக்கொண்டவர்களில் பலர் அப்போது பிறந்தே இருக்கமாட்டார்கள். அந்த 42 வருடமும் யாரோ ஒருத்தி வேலையை விட்டுக்கொண்டுதான் இருந்தாள். ஒருத்தி இன்னொருத்தியிடம் ஒப்படைத்துவிட்டுப் போனாள். நாம் ஒவ்வொரு டியூட்டி முடிவிலும் படுக்கை படுக்கையாக நின்று ஒப்படைப்பு கொடுப்பதுபோல.

நீ போவதென்றால் போ. போகும்போது நடந்ததை எழுத்தில் கொடுத்துவிட்டுப் போ. தேதி, நேரம், அறை எண், பக்கத்தில் இருந்தவர் யார், யாரிடம் சொன்னாய், அவர் என்ன சொன்னார். அதன் ஒரு நகலை வாங்கி வைத்துக்கொள்.


பதிவு 11 | மணிமுத்தாறு

இளந்தளிர், அந்த இன்சார்ஜ் சொன்ன அதே வார்த்தையை நானும் சொல்லியிருக்கிறேன். ஒருமுறை இல்லை. இன்று காலை அதைக் கேட்டவர்களில் ஒரு பிள்ளையைக் கூப்பிட்டுப் பேசினேன். அவள் அழுதாள், நானும் அழுதேன்.


பதிவு 12 | மருதாணி

ஒன்பது நாள் கழித்து வருகிறேன், மன்னியுங்கள். தளத்தில் ஆள் இல்லை.

பயிற்சி எப்படி இருந்தது என்று கருத்துக் கேட்கும் கூட்டம் வைத்தார்கள். நல்லது ஏதாவது எழுதிவிட்டு வந்துவிடலாம் என்றுதான் போனேன். அங்கே உட்கார்ந்ததும் கடல்தாண்டி தம்பியின் அப்பாவுடைய செருப்பு நினைவுக்கு வந்தது. எழுந்து ஒன்று மட்டும் கேட்டேன். இரவில் ஒவ்வொரு நர்ஸுக்கும் இருபது நிமிடம் இடைவேளை வேண்டும். அந்த இருபது நிமிடம் அவளுடைய படுக்கைகளைப் பார்க்க, மூன்று தளத்துக்கும் சேர்த்து ஒரு மாற்று நர்ஸ் வேண்டும். பென்சில்வேனியா ஆய்வையும் சொன்னேன், எண்கள் மறந்துவிடாமல் இருக்க உள்ளங்கையில் எழுதி வைத்திருந்தேன். பணம் இல்லை என்று முதலில் சொன்னார்கள். மூன்று பேர் போனதால் புதியவர்களைத் தேடிப் பிடித்துப் பழக்க எவ்வளவு ஆகிறது என்று எங்கள் இன்சார்ஜ் சிஸ்டர் கேட்டார். யாரும் பதில் சொல்லவில்லை. ஒரு மாதம் பார்க்கலாம் என்று ஒத்துக்கொண்டார்கள்.

நேற்று முதல் இரவு. இரண்டே கால் மணிக்கு மாற்று நர்ஸ் வந்தாள். ஆறு படுக்கைக்கும் ஒப்படைப்பு கொடுத்துவிட்டு ஓய்வறைக்குப் போய் டிபன் பாக்ஸைத் திறந்தேன். எலுமிச்சைச் சாதமும் உருளைக்கிழங்கும். வழக்கமாக நான்கு வாய் சாப்பிடுவதற்குள் அழைப்பு மணி அடிக்கும், மூடிவிட்டு ஓடுவேன், விடிகாலையில் மீதியைக் கொட்டுவேன். நேற்று கடைசிப் பருக்கை வரை சாப்பிட்டேன். டிபன் பாக்ஸைக் கழுவித் துடைத்தேன். அதைக் கையில் வைத்துக்கொண்டு, அந்த அம்மாவை நினைத்துக் கொஞ்ச நேரம் நின்றேன். 2021க்குப் பிறகு நேற்றுதான் அவருக்காக அழுதேன். இன்னும் நான்கு நிமிடம் மீதி இருந்தது.

காட்டுமல்லி, உனக்கு இப்படி ஒரு மாற்று ஆள் எப்படிக் கிடைக்கும் என்று யோசித்துக்கொண்டே இருக்கிறேன். உன் வட்டாரத்தில் இருக்கும் மற்ற நிலையங்களின் நர்ஸ்கள் எத்தனை பேர், உங்களுக்குள் தொடர்பு இருக்கிறதா என்று எழுது.


பதிவு 13 | காட்டுமல்லி

ஏழு பேர் அக்கா. நான்கு பேரின் எண் என்னிடம் இருக்கிறது. மற்ற மூவரையும் இந்த வாரம் பிடிக்கிறேன்.


பதிவு 14 | இளந்தளிர்

ராஜினாமா கொடுத்துவிட்டேன். ஒரு மாத நோட்டீஸ். டீச்சர் அம்மா சொன்னபடி நடந்ததைத் தேதி, நேரத்தோடு எழுதிக் கொடுத்து, நகலில் கையெழுத்தும் வாங்கிவிட்டேன். அதைப் படித்துவிட்டு இன்சார்ஜ் சிஸ்டர் வெகுநேரம் பேசவில்லை. இன்று அந்த அறைக்கு என்னோடு வந்தார்.

என் இடத்துக்கு ஒரு பெண் அடுத்த வாரம் சேருகிறாளாம். சிவகங்கைப் பக்கம், முதல் வேலை. எந்த அறைக்குத் தனியாகப் போகக் கூடாது, ராத்திரியில் எந்த லிஃப்ட் நின்றுவிடும், எந்த அட்டெண்டர் கூப்பிட்டால் உடனே வருவார் என்று ஒரு நோட்டில் எழுதிக்கொண்டிருக்கிறேன். மருதாணி அக்கா, அந்த இருபது நிமிடத்தை எப்படிக் கேட்டீர்கள் என்று வார்த்தைக்கு வார்த்தை எழுதி அனுப்புவீர்களா? அதையும் அந்த நோட்டில் சேர்க்க வேண்டும்.